பல்கலைக் கழக மண்டபமும் பழங்கட்டடக் காப்பும்

(நம் சங்கத்து ஆண்டுக் கூட்டத்தில், கல்விக் குழுவினர் விருப்பின்படி நிகழ்த்திய சொற்பொழிவு)



யாம் இன்று பேச எடுத்துக்கொண்ட பொருள் சென்னைப் பல்கலைக் கழகத்துச் செனெட்டு மண்டபமும், அதுபோன்ற பழங்கட்டடங்களைக் காக்கும் முறையுமாகும். இலக்கணமும் இலக்கியமும் பயிற்றுவிக்கும் எமக்குச் செங்கல்லோடும் சுண்ணாம்போடும் என்ன உறவு என்று உங்களுட் சிலர் வினவுதல் கூடும். அதற்கு விடை எம் பேச்சின் இடையே தானே வெளிப்படும்.

இப்பொருளை இவ்வேளையில் எடுத்துக்கொண்டதற்கு ஒரு காரணம் உண்டு. நம் சங்கத்து மாணவர் விடுதியின் பழைய கட்டடத்தை இடித்துவிட்டு, அவ்விடத்தில் வாடகைக்கு விடத்தக்க மாடிக் கட்டடம் எழுப்பலாமென்னும் யோசனை செயற்குழுவின் முன் இருக்கின்றது. இதனை ஆதரிப்போரும் மறுப்போரும் நம்மிடையே உளர். இருதிறத்தாரும் சங்கத்தின் நன்மையை நாடுவோரே. ஆதலின், நம்மினும் பெரியதொரு கல்வி நிலையம் தன் பழமனையை எங்ஙனம் பெற்றது, எங்ஙனம் மறந்தது, எங்ஙனம் மீட்டது என்பதை முதற்கண் கூறி, அதன்பின் நம் விடுதிக்கு வருவோம்.

சென்னைப் பல்கலைக் கழகம் 1857ஆம் ஆண்டு செப்டம்பர் 5ஆம் நாள் சட்டத்தினால் தோன்றியது. அந்நாளில் பாடஞ் சொல்லும் பணி அதற்கில்லை. கல்லூரிகள் கற்பித்து அனுப்பும் மாணவரைத் தேர்வு செய்து பட்டம் வழங்குவதே அதன் தொழிலாக இருந்தது. அதன் முதற் பட்டதாரிகள் இருவருள் ஒருவர் யாழ்ப்பாணத்துச் சி. வை. தாமோதரம் பிள்ளை என்பதைத் தமிழர் அனைவரும் அறிவர். தனக்கெனப் பேரவை மண்டபம் ஒன்று இல்லாதிருந்த காலத்திலேயே பல்கலைக் கழகம் இத்தகைய பெருமக்களை உலகிற்கு அளித்தது. கட்டடம் இல்லாமலும் கல்வி நடக்கும் என்பார்க்கு இஃதோர் ஆதாரமாகலாம். எனினும் பட்டமளிப்பு விழாவிற்கும் தேர்வுக்கும் பேரவைக் கூட்டத்திற்கும் நிலையானதோர் இடம் வேண்டுமென்னும் எண்ணம் விரைவில் எழுந்தது.

1864ஆம் ஆண்டில் மாநிலக் கல்லூரிக்கும் செனெட்டு மண்டபத்திற்கும் வரைபடங்கள் போட்டி முறையில் கோரப்பட்டன. அப்போட்டியில் வென்றவர் இராபர்ட்டு சிஷோம் என்னும் ஆங்கிலேயர். அப்பொழுது அவர் வயது 24. முதலில் எழுந்தது மாநிலக் கல்லூரி. அது 1870இல் முடிந்தது. செனெட்டு மண்டபத்தின் வேலை 1874இல் தொடங்கி 1879இல் நிறைவெய்தியது.

கல்லூரியைக் கட்டிய கைக்கும் மண்டபத்தைக் கட்டிய கைக்கும் பெரியதொரு வேறுபாடு காண்கின்றோம். கல்லூரி பெரும்பாலும் இத்தாலிய நாட்டு முறையைத் தழுவியது. மண்டபமோ இந்நாட்டு முகலாயர், நவாபுகள் கட்டடங்களின் சாயலையும் மேல்நாட்டுப் பைசாந்தியச் சாயலையும் கலந்து நிற்பது. இடைப்பட்ட காலத்தில் சிஷோம் சேப்பாக்கம் அரண்மனையிற் பணியாற்றினார். ஆர்க்காட்டு நவாபு முகம்மதலி வாலாஜாவுக்காக 1768இல் முடிக்கப்பெற்ற அவ்வரண்மனையின் வளைவுகளும் குவிமாடங்களும் அவருடைய நோக்கை மாற்றின. இந்நாட்டுக் கட்டடக் கலையை இகழாது பயிலவேண்டுமென்று அப்போதைய ஆளுநர் நேப்பியர் பிரபு வற்புறுத்தியதும் அதற்குத் துணையாயிற்று. இம்முறையையே பின்னர் இந்தோ-சாரசெனிக் என்று பெயரிட்டழைத்தனர்.

செனெட்டு மண்டபத்தைக் கடற்கரைச் சாலையினின்று நோக்குவார்க்கு முதலிற் புலப்படுவன அதன் மூலைக் கோபுரங்களும் அவற்றின் மேலுள்ள குவிமாடங்களுமாம். சிவந்த செங்கற் சுவர், வேலைப்பாடமைந்த தூண்கள், பக்கங்களில் நிழல்தரும் தாழ்வாரங்கள், உள்ளே நடுவில் தூணில்லாத உயர்ந்த பெருங்கூடம், சாளரங்களில் வண்ணக் கண்ணாடி. இவை அழகுக்காக மட்டும் அமைந்தன என்று கருதற்க. தாழ்வாரம் வெயிலைச் சுவர்மேற் படவொட்டாது தடுக்கின்றது. கூரையின் உயரம் வெப்பக் காற்றை மேலே ஏற்றி, இருப்போர் தலைக்குக் குளிர்ச்சி தருகின்றது. கடற்காற்று ஒருபுறம் புகுந்து மறுபுறம் செல்ல வழியுளது. மின்விசிறி இல்லாத காலத்தில் பன்னூற்றுவர் ஒருங்கிருந்து தேர்வெழுதவும் சொற்பொழிவு கேட்கவும் ஏற்றவாறு கணக்கிட்டு அமைத்த கட்டடம் அஃது.

இனி அதனுள்ளும் அதன் அருகும் நிகழ்ந்தவற்றைக் கூறப்புகின் பொழுது போதாது. ஒன்றிரண்டு கூறுவோம். 1913ஆம் ஆண்டில், பட்டம் பெறாத ஒரு துறைமுக எழுத்தருக்கு மாதம் 75 ரூபாய் ஆராய்ச்சி உதவியாக வழங்கப் பல்கலைக் கழகம் துணிந்தது. அவ்வெழுத்தரே கணித மேதை இராமானுசர். 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாகத் தமிழ்ப் பேரகராதி வெளிவந்ததும் இப்பல்கலைக் கழகத்தின் ஆதரவினாலேயே. 1937இல் சென்னை மாகாணச் சட்டமன்றம் கூடியதும் இம்மண்டபத்திலேயே. இந்நாட்டவர் தம்மைத் தாமே ஆளப் பழகிய நாட்களின் குரல் இச்சுவர்களிற் பட்டு ஒலித்தது.

இத்தகைய மண்டபத்தையும் நாம் மறந்தோம். பட்டமளிப்பு விழா புதிய நூற்றாண்டு மண்டபத்திற்குச் சென்றபின், பழைய மண்டபம் புழக்கங் குன்றிப் பூட்டிக் கிடந்தது. பூட்டிய வீட்டிற்குப் பகை வெளியிலிருந்து வரவேண்டுவதில்லை. மழைநீர்க் குழாயில் இலை அடைத்துக்கொள்ளும், தேங்கிய நீர் சுவரில் இறங்கும், விரிசலில் அரசங்கன்று முளைக்கும், புறா கூடு கட்டும், கரையான் மரத்திலேறும். இவற்றுள் ஒவ்வொன்றும் ஒரு நாள் வேலையிற் களையத்தக்கது. களைவாரின்றிப் பத்தாண்டு கழியுமாயின், கட்டடம் தானே பாழாயிற்று என்பார்கள். தானே பாழாகும் கட்டடம் அரிது.

நல்வினையாகப் பல்கலைக் கழகத்தின் 150ஆம் ஆண்டு நெருங்கியது. அவ்விழாவை முன்னிட்டு, 2006ஆம் ஆண்டையொட்டி, பழஞ்சின்னக் காப்பில் வல்ல இன்டாக் அமைப்பின் துணையோடு மண்டபம் செப்பனிடப்பட்டது. சுவரோவியங்கள் மீண்டும் ஒளிபெற்றன. வண்ணக் கண்ணாடிகள் பழுது நீக்கப்பெற்றன. இடிந்தொழியும் என்று கருதப்பட்டது மீண்டும் விழாக் கோலம் பூண்டது.

செப்பனிடுதல் என்பது யாது? இங்கேதான் தமிழாசிரியனுக்கும் கட்டடத்திற்கும் உள்ள உறவு வெளிப்படுகின்றது. பழைய ஏட்டைப் பதிப்பிப்பதும் பழைய கட்டடத்தைச் செப்பனிடுவதும் ஒரே அறத்தாற் கட்டுப்பட்ட இருதொழில்கள் என்பது எம் கருத்து. மேலே கூறிய தாமோதரம் பிள்ளை 1887இல் கலித்தொகையைப் பதிப்பித்தார். தொட்டால் ஒடியும் ஏடுகளைக் கையில் ஏந்தி அவர் பட்ட துன்பத்தை அவர் பதிப்புரையைக் கற்றோர் அறிவர். அதே 1887இல் சீவக சிந்தாமணியையும், 1894இல் புறநானூற்றையும் வெளியிட்ட டாக்டர் உ. வே. சாமிநாதையர், பின்னர் மாநிலக் கல்லூரியிலே தமிழாசிரியராய் விளங்கினார். கடற்கரையை நோக்கி அக்கல்லூரியில் நிற்கும் அவர் சிலையைச் சென்னைக்குச் சென்றோர் கண்டிருப்பீர்கள்.

புறநானூற்றில் 267, 268 ஆகிய எண்ணுடைய பாட்டுக்கள் கிடைத்தில. ஐயரவர்கள் கவி புனைய வல்லவர். மீனாட்சிசுந்தரம் பிள்ளையவர்களின் மாணவர். இரண்டு பாட்டியற்றி அவ்விடத்தை நிரப்புதல் அவர்க்கு அரிதன்று. அவர் அது செய்திலர். எண் நின்றது, பாட்டில்லை. அவ்வெற்றிடமே அப்பதிப்பின் நேர்மைக்குச் சான்றாக இன்றும் நிற்கின்றது. கட்டடத்திற்கும் இம்முறையே பொருந்தும். உடைந்த சிற்பத்தின் முகம் எவ்வாறிருந்தது என்று தெரியாதவிடத்து, நம் மனம்போனபடி முகமமைத்தல் பழமையைக் காத்தலாகாது.

ஆதலின் ஏட்டுப் பதிப்பினின்று மூன்று விதிகளைக் கட்டடக் காப்பிற்குக் கொள்ளலாம். முதலாவது, கைவைக்குமுன் உள்ளதை உள்ளவாறு எழுதிக்கொள்ளுதல். பதிப்பாசிரியர் பல ஏடுகளை ஒப்புநோக்குவதுபோல, செப்பனிடுவோர் சுவர், கதவு, விட்டம் எல்லாவற்றையும் அளந்து வரைந்து, நிழற்படமெடுத்து வைத்தல் வேண்டும். இரண்டாவது, தேய்ந்ததாயினும் பழைய உறுப்பை இயன்றவரை வைத்துக்கொண்டு, இற்றுப்போனதை மட்டும் மாற்றுதல். மூன்றாவது, புதிதாகச் சேர்த்ததைப் புதிதென்று பின்வருவோர் அறியுமாறு குறித்து வைத்தல்.

பிற்காலத்திற் சேர்ந்தனவெல்லாம் இடைச்செருகல் என்று இடித்தெறியவும் வேண்டா. சேப்பாக்கம் அரண்மனையின் இரு மகால்களுக்கும் நடுவே நிற்கும் கோபுரம் நவாபு காலத்ததன்று, சிஷோம் எழுப்பியது. இன்று அதனை நீக்கி அரண்மனையை நினைப்பார் யாவர்? நச்சினார்க்கினியர் உரை மூலத்திற்குப் பல நூற்றாண்டு பிற்பட்டது என்பதற்காக அதனை ஒதுக்குவாருமிலர்.

இனிக் கட்டடப் பொருள்களைப் பற்றிச் சிறிது கூறவேண்டும். நல்லெண்ணத்தால் விளையும் கேடு பெரும்பாலும் இங்கேதான் நிகழ்கின்றது. அக்காலக் கட்டடங்கள் சுண்ணாம்புச் சாந்தினாற் கட்டப்பெற்றவை. நீற்றிய சுண்ணாம்பை மணலோடு கலந்து, எருது பூட்டிய காடியில் அரைத்து, கடுக்காயும் வெல்லமும் ஊறிய நீர் விட்டுப் பதப்படுத்துவர். இச்சாந்து இறுகினும் சிறிது நெகிழும் இயல்புடையது. சுவரிலுள்ள ஈரத்தை வெளியே விடும். ஆதலால் மழைக்காலத்தில் நனைந்த சுவர் கோடையில் உலர்ந்துவிடும்.

இத்தகைய சுவரின் மேற்பூச்சு உதிர்ந்தவிடத்தில் சிமெண்டு பூசுவது இன்று எங்கும் வழக்கமாகிவிட்டது. பார்வைக்கு உறுதிபோலத் தோன்றும். ஆனால் சிமெண்டுப் பூச்சு ஈரத்தை எளிதில் வெளிவிடாது. உள்ளே அடைபட்ட நீர் உப்பைக் கரைத்துக்கொண்டு செங்கல்லிலேயே தங்கும். உலரும்போது உப்புப் பூத்துச் செங்கல்லின் முகத்தைப் பொரியச் செய்யும். சில ஆண்டுகளிற் சிமெண்டுப் பூச்சு செங்கல்லின் தோலையும் உரித்துக்கொண்டு விழும். கட்டடம் கிழமானதால் கேடுற்றது என்று உடையவர் நினைப்பர். கேடு செய்தது மருந்தே என்பதை அறியார். நீர் ஊடுருவாத வண்ணப் பூச்சுக்கும் இக்குற்றம் உண்டு.

கூரையும் அவ்வாறே. மெட்ராஸ் டெரஸ் என்று கொத்தனார் கூறும் தளத்தில், தேக்கு விட்டங்களின் குறுக்கே சிறுசிறு சட்டங்களைப் பரப்பி, அவற்றின்மேல் மெல்லிய செங்கற்களைச் சாந்தோடு நெட்டுக்குத்தாய் அடுக்குவர். அதன்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கலந்து பரப்பி, பெண்டிர் வரிசையாயமர்ந்து மரக்கட்டையால் நாட்கணக்கில் அடித்து இறுக்குவர். மேலே தட்டோடு பதிப்பர். இத்தளம் ஒழுகத் தொடங்கினால், இற்றுப்போன ஓட்டைப் பெயர்த்து மாற்றி இடுக்கை அடைப்பதே முறை. அதன்மேல் சிமெண்டுக் கலவையைத் தடிப்பாகக் கொட்டினால், பாரந்தாங்காது விட்டம் வளையும். பின்னர் விட்டத்தைக் குறைகூறுதல் முறையன்று.

இவ்வளவுங் கேட்டபின், 'நாடாண்ட வெள்ளையர் எழுப்பிய மண்டபத்தையும் நவாபின் அரண்மனையையும் நாம் ஏன் போற்றவேண்டும்?' என்று கேட்பாருளர். வரைபடம் சிஷோமுடையது, செலவு செய்தது அரசாங்கம். ஆயினும் அப்பணம் இந்நாட்டுக் குடிகள் கொடுத்த வரியாகும். செங்கல் அறுத்தவனும், சுண்ணாம்பு அரைத்தவனும், சாரங்கட்டிக் குவிமாடத்தின்மேல் ஏறியவனும், ஜல்லி சுமந்த சித்தாளும் இம்மண்ணின் மக்களே. சிஷோமின் பெயர் எல்லா நூலிலும் காண்கின்றோம். அக்கொத்தர் பெயரோ எக்கல்லிலும் காணவில்லை. அவர்களுக்கு எஞ்சியுள்ள கல்வெட்டு அக்கட்டடம் ஒன்றே. அதனை இடிப்போமாயின் அவர்கள் இருந்தமைக்கு வேறு சாட்சி ஏது?

காக்க முயன்றோர் வென்றதற்கும் சான்றுகள் உண்டு. அதே கடற்கரையில், 1914இல் மகளிர்க்கெனத் தொடங்கிய இராணி மேரிக் கல்லூரியின் இடத்தில் புதிய தலைமைச் செயலகம் கட்ட 2003ஆம் ஆண்டில் முயற்சி நடந்தது. அக்கல்லூரி மாணவியர் வளாகத்தை விட்டகலாது நின்று போராடினர், முயற்சி கைவிடப்பட்டது. அண்ணா சாலையிலுள்ள பாரத் இன்சூரன்சு மாளிகையை இடிக்கும் வேலை 2006இல் தொடங்கியபோது வழக்குத் தொடுக்கப்பெற்றது. 2010இல் சென்னை உயர்நீதிமன்றம் அதனைக் காக்கத் தீர்ப்பளித்தது. 2012இல் தமிழ்நாட்டுச் சட்டமன்றமே பழஞ்சின்ன ஆணையச் சட்டத்தை இயற்றியது. அதே 2012 சனவரியில் சேப்பாக்கம் அரண்மனையின் கலசு மகால் தீக்கிரையாகி, தீயணைப்புப் பணியிலிருந்த அலுவலர் ஒருவர் உயிர் நீத்தார். கரிந்து நின்ற சுவர்களை இடித்தெறியாது பொதுப்பணித் துறையினர் பழைய முறையிலேயே செப்பனிட்டனர். பின்னர்ப் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு அங்கே இடம்பெற்றது. எரிந்த கட்டடமே மீளுமாயின், ஒழுகும் கட்டடம் மீளாதோ?

இனி நம் விடுதிக்கு வருவோம். முன்கூடமும், அதன் இருமருங்கும் அறைகளும், தேக்கு விட்டத்தின்மேல் ஓட்டுத்தளமும் உடைய அக்கட்டடம் எண்பதாண்டு கடந்தது. கூடத்துச் சுவரிலுள்ள சலவைக்கல்லில் நூறு ரூபாய்க்கு மேற்பட்டுக் கொடுத்தோர் பெயர்கள் பொறிக்கப்பெற்றுள்ளன. ஓரணா, இரண்டணாக் கொடுத்தோர் பெயர் அதிலில்லை. நாடோறும் உலையிலிடுமுன் ஒரு பிடி அரிசி எடுத்துவைத்து, அதனை விற்ற காசை விடுதிக்களித்த நம் பாட்டிமார் பெயரும் அதிலில்லை. கடற்கரை மண்டபத்துக் கொத்தர்களைப் போலவே இவர்களுக்கும் அக்கட்டடமே கல்வெட்டு. அங்கிருந்து படித்து ஆசிரியரும் மருத்துவரும் ஆனோர் இச்சபையிலேயே அமர்ந்திருக்கின்றீர்கள்.

இடிக்க வேண்டுமென்போர் கூற்றையும் யாம் புறக்கணிக்கின்றிலம். வாடகை வந்தால் ஏழை மாணவர் கட்டணத்திற்கு உதவும் என்கின்றனர், உண்மையே. பழஞ்சுவரைக் காக்கும் ஆசையால் உயிருள்ள பிள்ளைகளின் படிப்பைக் குறைத்தல் தருமமாகாது. தளம் ஒழுகுகின்றது, பிள்ளைகள் தலையில் விழுந்தால் யார் பொறுப்பு என்கின்றனர், அதுவும் நியாயமே. அச்சம் தீருமளவும் அவ்வறைகளில் ஒருவரையும் தங்கவிடலாகாது. ஆனால் இவ்விரு நியாயங்களும் இடிப்பதற்கே கொண்டுசெல்லும் என்று யாம் கருதவில்லை.

எம் விண்ணப்பம் நான்கு. முதலாவது, இடிக்கும் தீர்மானத்தை ஆறு மாதம் ஒத்திவைத்து, சுண்ணாம்புக் கட்டடங்களில் பழகிய பொறிவல்லுநர் ஒருவரைக் கொண்டு விட்டங்களையும் தளத்தையும் சோதித்து எழுத்தில் அறிக்கை பெறுக. இரண்டாவது, அவ்வறிக்கை வருமுன் சிமெண்டுப் பூச்சு வேலை ஒன்றும் செய்யற்க. நீர்க்குழாயைத் துப்புரவு செய்து, சுவரில் முளைத்த அரசங்கன்றுகளை வேரோடு களைந்தாற் போதும். மூன்றாவது, பின்புறத்தில் வெறுமையாய்க் கிடக்கும் நிலத்திலும், பிற்காலத்தில் அவசரமாய்க் கட்டிய தகரக் கூரைச் சமையற்கட்டு நிற்குமிடத்திலும் வாடகைக் கட்டடம் எழுப்ப இயலுமா என்று கணக்கிடுக. அச்சமையற்கட்டைக் காக்கவேண்டுமென்று யாம் வாதிடோம். நான்காவது, முன்கூடத்தைப் பூட்டி வைக்காது, நம் நூல்நிலையமாகவும் மாலைப் பாடசாலையாகவும் எல்லாச் சமூகத்துப் பிள்ளைகளுக்கும் திறந்துவிடுக. ஆள் புழங்கும் வீட்டில் ஒழுக்கு முதல் மழையிலேயே கண்ணிற்படும். செனெட்டு மண்டபத்தின் வரலாறு இதனை நன்கு விளக்குகின்றது.

சோதித்தபின், காப்பதற்கு இயலாது, பிள்ளைகளுக்கு ஆபத்து என்று வல்லுநர் எழுதுவாராயின், யாமே முன்னின்று இடிக்க இசைவோம். அப்பொழுதும் அளந்து, வரைந்து, நிழற்படமெடுத்து, சலவைக்கல்லையும் தேக்கையும் எடுத்துவைத்த பின்னரே முதற் கடப்பாரை விழவேண்டும். ஏடு செல்லரித்தாலும் அதிலிருந்த பாட்டையேனும் பெயர்த்தெழுதிக்கொள்வது நம் மரபு.

இச்சபையிலுள்ள முதியோர்க்கு ஒரு வேண்டுகோள். பிடியரிசி கொடுத்த இல்லங்களின் பெயர் உங்கள் நினைவில் உள்ளவரை எழுதிச் சங்கத்துக் காரியதரிசிக்கு அனுப்புங்கள். கட்டடம் நிற்பினும் வீழினும் அப்பெயர்கள் நம் இதழில் அச்சேறுதல் வேண்டும். மாணவர்கள் இவ்விடுமுறையில் வீடுதோறும் சென்று கேட்டெழுதி உதவுவார்களென்று நம்புகின்றோம். செயற்குழு அடுத்த மாதம் கூடுகின்றது. அதற்கு முன் உறுப்பினர் ஒவ்வொருவரும் ஒருமுறை விடுதிக்குச் சென்று, கூடத்தில் நின்று மேலே நோக்கிவிட்டுத் தம் கருத்தைக் கூறுவார்களாக.